ரோடியோவின் துணைக்கால்

அனகாபுத்தூர்,
31.1.2026, சனிக்கிழமை.

மதிப்பிற்குரிய திரு. ஜெபகுமார் அவர்களுக்கும் சகோதரி ரத்தினபாய் அவர்களுக்கும்,

கர்த்தருக்குள் தோத்திரம் சொல்லி எழுதுவது. தேவ கிருபையால் இங்கே நானும் கெசியாவும், முழங்கால் நீங்கலாக, நலம். முழங்கால் என்னுடையது. கோவிலம்பாக்கத்தில் தாங்களும் தங்கள் குடும்பத்தாரும் நலமாயிருப்பீர்கள் என்று நம்புகிறேன். நம்புகிறேன் என்று எழுதக் காரணம், இன்றோடு பதினான்கு நாளாகத் தங்களிடமிருந்து ஒரு தகவலும் இல்லை. வீட்டுத் தொலைபேசிக்கு மூன்று முறை அழைத்தேன். மணி அடித்து அடித்து அதுவாக ஓய்ந்துவிட்டது. தங்கள் கைப்பேசி எண் என்னிடம் இல்லை. கெசியாவிடம் கேட்டால் எதற்கு என்று கேட்பாள்.

விஷயத்தை முதலில் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். டிசம்பரில் நாம் பேசி முடித்தபடி என் மகள் கெசியாவுக்கும் தங்கள் மகன் ஸ்டெபினுக்கும் பிப்ரவரி பதினாறு, திங்கட்கிழமை திருமணம். பதினெட்டாம் தேதி சாம்பல் புதன், நாற்பது நாள் தபசு காலமான லெந்து தொடங்கிவிடும், லெந்தில் எந்த ஆயரும் கல்யாணம் நடத்திவைக்க மாட்டார். ஈஸ்டர் கழித்துப் பார்த்துக்கொள்ளலாம் என்றால், மார்ச் மாதமே ஸ்டெபினை அவர் கம்பெனி இரண்டு வருஷத்துக்கு வெளிநாடு அனுப்புகிறது. கெசியாவுக்கு முப்பத்திரண்டு நடக்கிறது. கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு கோயிலில் ஓலை வாசித்தாக வேண்டும்; இன்னார் மகனுக்கும் இன்னார் மகளுக்கும் விவாகம், தடை இருந்தால் சொல்லலாம் என்று. நாளை, எட்டு, பதினைந்து. எண்ணிப் பார்த்தால் சரியாக மூன்றுதான் மிச்சம். ஓலைக்குப் பேர் கொடுக்கும் பொறுப்பைத் தாங்கள் ஏற்றுக்கொண்டிருந்தீர்கள். கொடுத்திருக்க மாட்டீர்கள் என்றே நினைக்கிறேன், ஏனென்றால் பதினேழாம் தேதி சாயங்காலம் எங்கள் சபை மண்டபத்தில் நடந்ததைப் பார்த்த எந்த மனிதரும் கொடுத்திருக்க மாட்டார். ஆயரைக் கேட்கலாம் என்றால், அன்றிலிருந்து அவரை எதிரே கண்டால் நான் மருந்துக்கடைக்குள் நுழைந்துவிடுகிறேன்.

நடந்ததில் என் பங்கு எவ்வளவு என்று தாங்கள் அறிய வேண்டும் என்பதற்காகவே இக்கடிதம். குறைத்துச் சொல்லப் போவதில்லை. முப்பத்தொரு வருஷம் அச்சகத்தில் ப்ரூஃப் ரீடராக இருந்தவன் நான். பிழையை மறைத்துப் பழக்கம் இல்லை, காட்டித்தான் பழக்கம்.

ஸ்டெபின் செய்கிற வேலையை முதன்முதலில் கெசியா விளக்கியபோதே எனக்கு அந்தப் பிள்ளையைப் பிடித்துப்போனது. பழைய சினிமாச் சுருளை எடுத்து, ஒவ்வொரு படமாகப் பார்த்து, கீறல், புள்ளி, பூஞ்சை எல்லாவற்றையும் கம்ப்யூட்டரில் துடைத்து எடுக்கிற வேலையாம். அட, இதுவும் ப்ரூஃப் பார்க்கிற வேலைதானே என்று அன்றே சொன்னேன். எட்டு மாதமாக அவர் துடைத்தது பதினோரு நிமிஷப் படம் ஒன்று; நூறு வருஷத்துக்கு மேல் பழைய ஊமைப்படம்; அமெரிக்காவில் ஏதோ ஒரு கிராமத்தில் முரட்டுக் குதிரை மேலும் காளை மேலும் ஆட்கள் ஏறி, யார் கூட நேரம் விழாமல் இருக்கிறார் என்று போட்டி வைத்த ஒரு நாள் அவ்வளவும் அதில் இருக்கிறது. அந்தப் போட்டிக்குப் பெயர் ரோடியோ. இது எனக்கு இன்று தெரியும். ஜனவரி பத்தாம் தேதி தெரியாது. எங்கள் ஆண்கள் ஐக்கிய சங்க ஆண்டு விழாவில் அந்தப் படத்தைப் போடலாமா என்று ஸ்டெபின் கேட்டார். வரப்போகும் மருமகன் கேட்கிறாரே என்று என்ன படம், ஏது படம் என்று கேட்காமல் சரி என்றேன். நோட்டீசுக்கான விவரத்தை அவரே டி.டி.பி. சென்டர் எழிலுக்கு அனுப்பிவிட்டார். எழில் டைப் அடித்து ப்ரூஃபை என்னிடம் கொடுத்தாள். அதில், 'அமெரிக்கக் கிராமத்து ரோடியோ: ஓர் அரிய ஊமைப்படம்' என்று இருந்தது.

இப்படி ஒரு வார்த்தையை நான் என் ஆயுளில் பார்த்ததில்லை. பார்த்த மாத்திரத்தில் கை தானாகப் போய்விட்டது. 'ரோ'வில் ஒரு துணைக்கால் அதிகம் என்று சிவப்பு மையில் அதை வெட்டி, ஓரத்தில் 'கால் நீக்குக' என்றும் எழுதினேன். அதோடு விட்டேனா, அந்தப் பெண்ணுக்குப் பாடமும் எடுத்தேன்.

"ஏம்மா, ரேடியோவுக்கு எழுத்து தெரியாதா உனக்கு?"

"சார், அது ரோடியோதான் சார். மாட்டு மேல ஏறி உக்காருவாங்களே, அது."

"மாட்டு மேல உக்காந்து யாரும்மா ரேடியோ கேப்பாங்க?"

எழில் என்னை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு காலை எடுத்துவிட்டாள். இருநூறு நோட்டீஸ், 'அமெரிக்கக் கிராமத்து ரேடியோ' என்று, மற்றபடி ஒரு ஒற்றுப்பிழைகூட இல்லாமல் அச்சாகி வந்தது. சந்திப்பிழை இல்லாத நோட்டீஸ் இந்த ஏரியாவிலேயே அது ஒன்றுதான் என்று இன்றைக்கும் சொல்வேன், ஆனால் அது இப்போது விஷயம் இல்லை.

நோட்டீசைப் பார்த்த ஆயர் துள்ளிக் குதித்தார். "ஐசக் சார், ரேடியோ படம்னா உங்க சம்பந்தி ஜெபகுமார் சார்தானே சிறப்பு விருந்தினர்? வேற யாரைக் கூப்பிட முடியும்?" என்றார். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது. முப்பத்தாறு வருஷம் வானொலியில் செய்தியும் ஏரி நீர்மட்டமும் வாசித்த குரல் தங்களுடையது. மழைக்காலத்தில் தாங்கள் ஏரியின் அடிக்கணக்கைச் சொல்லச் சொல்ல, நானும் என் மனைவி ரோஸியும் அரிசி மூட்டையைக் கட்டிலில் ஏற்றுவதா பரணில் ஏற்றுவதா என்று முடிவு செய்வோம். ரோஸி போய் நாலு வருஷம் ஆகிறது. இருந்திருந்தால் முதல் வரிசையில் உட்கார்ந்திருப்பாள். தாங்கள் 'வானொலியும் கிராம முன்னேற்றமும்' என்று பதினான்கு பக்கம் தயார் செய்துகொண்டு வருவதாகக் கெசியா சொன்னாள். ஸ்டெபினோ கடைசி நாள் வரை வேலையிடத்திலேயே படத்தைத் துடைத்துக்கொண்டிருந்ததால் நோட்டீசையே பார்க்கவில்லை. இதற்கிடையில் சங்கச் செயலாளர் யாரையும் கேட்காமல் வாட்ஸப்பில் ஒரு வரி போட்டுவிட்டார், பழைய ரேடியோ வைத்திருப்பவர்கள் கண்காட்சிக்குக் கொண்டுவரலாம் என்று. பதினேழு ரேடியோ வந்து சேர்ந்தது. அதில் ஒன்று உண்மையில் ஓட்டை டோஸ்டர்.

பதினேழாம் தேதி வந்த முதல் சங்கடம் தங்கள் கார். எங்கள் சந்து இரண்டு சைக்கிளுக்கே தாராளம் இல்லை என்று நான் முன்கூட்டிச் சொல்லியிருக்க வேண்டும். தங்கள் கார் எதிர்வீட்டுக் கிளியம்மாளின் வாசற்படிக்கும் தண்ணீர்த் தொட்டிக்கும் நடுவே மாட்டிக்கொண்டதும், கதவு திறக்க இடமில்லாமல் தாங்களும் சகோதரியும் இருபது நிமிஷம் உள்ளேயே இருக்க நேர்ந்ததும், கிளியம்மாள் கண்ணாடி வழியாக மோர் கொடுத்ததும், அதில் பாதி தங்கள் ஜிப்பாவில் ஊற்றியதும் எனக்குத் தெரியும். அதற்காக வருந்துகிறேன். மண்டபத்துக்கு வந்தால் அங்கே மைக்செட் குப்புராஜ் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தார்.

"இன்னா சார் இது, படம் போடணும்னு கூப்ட்டு ரேடியோ கடை வெச்சிக்கினு கீறீங்க? மூணு ப்ளக்கு பாயின்ட்டுதான் கீது. ஆளாளுக்கு எங்க வூட்டு ரேடியோவ போடு, எங்க வூட்டு ரேடியோவ போடுன்னு ஒரே பேஜார் சார்."

ஆரம்ப ஜெபத்தின்போது அதில் ஒரு ரேடியோ தானாக உயிர் பெற்று இந்தியில் பங்குச்சந்தை நிலவரம் சொல்ல ஆரம்பித்ததையும், எந்த ரேடியோ என்று தெரியாமல் குப்புராஜ் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்ததையும் தாங்கள் கண்களை மூடியிருந்ததால் பார்த்திருக்க மாட்டீர்கள். தாங்கள் பேச எழுந்தீர்கள். மூன்றாம் பக்கம் வரைக்கும் அருமையான பேச்சு. அதற்குள் குப்புராஜ் வந்து, ப்ரொஜக்டரை ஏழு மணிக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டும், முதலில் படம் என்றுவிட்டார். மீதிப் பதினோரு பக்கத்தையும் நான் கேட்க ஆசைப்படுகிறேன் என்பதை இங்கே பதிவு செய்கிறேன்.

படம் ஓடியது. புழுதி மைதானம், சுற்றிப் பலகை வேலி, வேலி மேல் வரிசையாகத் தொப்பி போட்ட ஜனங்கள். ஒரு குதிரை நாலு காலையும் ஒன்றாகத் தூக்கி அந்தரத்தில் குதிக்கிறது, மேலே ஒருவர் ஒற்றைக் கையால் பிடித்துக்கொண்டு ஆடுகிறார். ஒரு கீறல் இல்லை, ஒரு புள்ளி இல்லை. தங்கள் மகன் கை பட்ட படம் என்று சொல்லாமலே தெரிந்தது. கடைசி வரிசையில் அவர் நகத்தைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஜனங்கள் ஒரு நிமிஷம் பொறுத்தார்கள். பிறகு, சத்தம் வரலை, சத்தம் வரலை என்று கூச்சல். "சார், நான் நல்லா செக் பண்ட்டேன். வயரெல்லாம் கரீட்டா கீது. படம்தான் பேசமாட்டேங்குது," என்று குப்புராஜ் சத்தியம் செய்தார். அதன் பிறகு ரேடியோ எங்கே, ரேடியோ எங்கே என்று ஆரம்பித்தார்கள். முன்வரிசையில் கிளியம்மாள், அந்த அம்மாள் எங்கள் சபை இல்லை, ஆனால் எந்தக் கூட்டமானாலும் முதல் ஆளாக வந்துவிடுவார், அவர் எழுந்து நின்று, "இன்னாபா, குதிர வருது, மாடு வருது, ரேடியோவ மட்டும் காணம்?" என்றார்.

மைக் அப்போது தங்கள் கையில் இருந்தது. வானொலிக்காரர் கையில் மைக் இருந்து, சபை முழுக்கக் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தால் சும்மா இருக்க முடியுமா? எனக்கு அது நன்றாகப் புரிகிறது. திரையில் ஒருவர் சுருக்குக் கயிற்றைத் தலைக்கு மேல் சுழற்றிக்கொண்டு வந்தார். தாங்கள் நோட்டீசை ஒருமுறை பார்த்தீர்கள், திரையை ஒருமுறை பார்த்தீர்கள், பிறகு அந்த ஏரி நீர்மட்டக் குரலில், "அன்பர்களே, அவர் கையில் இருப்பது ஏரியல் கம்பியாக இருக்கக்கூடும். அந்தக் காலத்தில் வானொலிக்கு இப்படி நீண்ட கம்பி தேவைப்பட்டது," என்றீர்கள். சொல்லி வாய் மூடவில்லை, அந்தக் கம்பி ஒரு கன்றுக்குட்டியின் கழுத்தில் போய் விழுந்தது. கன்று குப்புற விழுந்தது. மண்டபம் சிரித்த சிரிப்பில் ஜன்னல் அதிர்ந்தது.

ஐயா, அந்தச் சிரிப்பு உங்களைப் பார்த்து இல்லை. அப்படியே இருந்தாலும், அது எனக்குச் சேர வேண்டிய சிரிப்பு. முப்பத்தாறு வருஷமாக அச்சில் உள்ளதை அப்படியே வாசித்து ஒரு தப்பு வராத மனுஷர் வாயில், என் சிவப்புப் பேனா ஒரு தப்பை வைத்துவிட்டது. எனக்குப் பொறுக்கவில்லை. சபைக்கு உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று எழுந்து, "எல்லாரும் கவனிங்க! ஒரு கால் போயிடுச்சு! தப்பு என்மேலதான், நான்தான் காலை எடுத்தேன்!" என்று கத்தினேன். நோட்டீசில் உள்ள காலைத்தான் சொன்னேன். சரியாக அந்தச் சமயம் பார்த்துத் திரையில் ஒரு குதிரை தன்மேல் இருந்த மனிதரை வேலிக்கு மேல் தூக்கி எறிந்தது.

"ஐயய்யோ! கால் போச்சாம்பா அந்தப் புள்ளைக்கு!" என்று கிளியம்மாள் மார்பில் அடித்துக்கொண்டார். பெண்கள் பக்கம் பூராவும் எழுந்துவிட்டது. ஆயர் பதற்றத்தில் குப்புராஜிடம் படத்தை நிறுத்தச் சொல்லி, நாம் யாவரும் அந்தச் சகோதரனுக்காக ஜெபிப்போம் என்று ஆரம்பித்துவிட்டார். ஸ்டெபின் பின்னாலிருந்து ஓடிவந்து, "அங்கிள், அவருக்கு ஒண்ணும் ஆகலை அங்கிள்! அடுத்த ஷாட்ல எழுந்து தொப்பியைத் தட்டிக்கிட்டுப் போவார், போட்டுக் காட்டச் சொல்லுங்க," என்று என் காதில் கெஞ்சினார். ஜெபத்தின் நடுவில் எப்படிச் சொல்வது? உருக்கமான ஜெபம். கால் இல்லாமல் அவர் குடும்பம் படப்போகும் பாடு வரைக்கும் வந்துவிட்டது. ஆமென் சொல்லி, கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு நான் பார்த்தபோது தாங்கள் நாற்காலியில் இல்லை. சகோதரியும் இல்லை. தங்கள் நாற்காலியில் ஒரு பொன்னாடை மடித்து வைத்திருந்தது. சங்கத்தார் எனக்கென்று வாங்கியதாக இருக்கலாம், அல்லது தங்களுக்குப் போர்த்தியதைத் தாங்கள் கோபத்தில் கழற்றி வைத்திருக்கலாம். இரண்டில் எது என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. ராத்திரி தூங்காமல் அதைத்தான் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

ஏழு மணிக்கு ப்ரொஜக்டர் திரும்பிப் போய்விட்டதால் அந்தச் சகோதரர் எழுந்து தொப்பி தட்டியதை யாரும் பார்க்கவில்லை. கிளியம்மாள் தினமும் பால் வாங்கப் போகும்போது, "சார், அந்தத் தம்பி எப்படி கீது?" என்று கேட்கிறார். அம்மா, அது நூறு வருஷத்துக்கு முன்னால், இப்போது அவர் உயிரோடு இல்லை என்று சொன்னேன். "கால் போனதாலயா?" என்றார்.

இப்படியாக என் வீட்டு நிலவரம். போன ஞாயிற்றுக்கிழமையிலிருந்து கெசியா என்னிடம் சரியாகப் பேசுவதில்லை. சோற்றை வைக்கிறாள், தண்ணீர் வைக்கிறாள், என் முகத்தை ஒரு தினுசாகப் பார்க்கிறாள், போய்விடுகிறாள். ஒருநாள் அடுப்படியில் தனியாக அழுதாள். ஸ்டெபின் மூலமாகத் தங்கள் முடிவு அவளுக்குத் தெரிந்திருக்கும், அப்பனிடம் சொல்ல வாய் வரவில்லை என்று எண்ணுகிறேன். கேட்க எனக்கும் தைரியம் இல்லை. நானும் பேப்பரைப் பிரித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறேன்.

ஆகையால் தங்களைக் கேட்டுக்கொள்வது இதுதான். கோபம் என்மேல் இருக்கட்டும், எவ்வளவு வேண்டுமானாலும் இருக்கட்டும். மன்னிப்பை எழுத்தில் கேட்டிருக்கிறேன். போதாது என்றால் தங்கள் சபையில் மைக் வைத்துக் கேட்கச் சொன்னாலும் கேட்கிறேன், தாங்கள் எழுதிக்கொடுங்கள், ஒரு எழுத்துத் திருத்தாமல் வாசிக்கிறேன். பிள்ளைகளை மட்டும் பிரித்துவிட வேண்டாம். சபை மண்டபம் சொல்லிவைத்தது சொல்லிவைத்தபடி இருக்கிறது, சமையல்காரரையும் நான் நிறுத்தவில்லை, பத்திரிகைதான் அடிக்கவில்லை. இன்று மாலைக்குள் ஆயருக்குப் பேர் கொடுத்தால் நாளை முதல் ஓலை வாசிக்கலாம். இக்கடிதத்தைக் கொண்டுவரும் குப்புராஜிடம் 'சரி' என்று ஒரு வார்த்தை சொல்லி அனுப்பினால் போதும். எழுத வேண்டாம், சொன்னால் போதும்.

தங்கள் வாசலில் சமாதானமும் சமையற்கட்டில் நிறைவும் என்றும் தங்கியிருக்கக் கர்த்தர் அருள்வாராக. சகோதரி ரத்தினபாய்க்கு என் வணக்கமும், ஸ்டெபினுக்கு ஆசீர்வாதமும்.

தங்கள் உண்மையுள்ள,
த. ஐசக்

பி.கு.: குப்புராஜ் வாசலில் வண்டியை உறுமவிட்டுக்கொண்டு நிற்கிறார், அதனால் அவசரமாக எழுதுகிறேன். கவர் தேடிக் கெசியாவைக் கூப்பிட்டேன். அவள் கடிதத்தைக் கையில் வாங்கி நின்ற இடத்திலேயே முழுக்கப் படித்துவிட்டாள்.

"ஓலைக்குப் பேர் குடுக்கலைன்னு யாருப்பா சொன்னா?"

"யாரும் சொல்லலையேம்மா."

"போன ஞாயித்துக்கிழமையே முதல் ஓலை வாசிச்சாச்சு. நம்ம கோயில்லயும் வாசிச்சாங்க, மாமா கோயில்லயும் வாசிச்சாங்க. நீங்க மூணாவது பெஞ்சுலதான்ப்பா உக்காந்திருந்தீங்க!"

விசாரித்ததில் தெரியவந்தவை: ஆயர் மறுநாளே வெளியூர்க் கன்வென்ஷன் கூட்டத்துக்குப் போகிறார் என்பதால், அன்றைக்கு ஜெபம் முடிந்த கையோடு தாங்கள் அவரை அழைத்துக்கொண்டு ஆயர் வீட்டுக்குப் போய்ப் பேர் கொடுத்திருக்கிறீர்கள். பிள்ளைகளும் பின்னாலேயே வந்து கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். எனக்குத் தாங்கள் சொல்லியிருப்பீர்கள் என்று கெசியாவும், கெசியா சொல்லியிருப்பாள் என்று தாங்களும் இருந்துவிட்டீர்கள். மறுநாள் தாங்கள் குடும்பத்தோடு நாகர்கோவில் பக்கம் உறவினர்களுக்குச் சொல்லப் போய், நேற்றுத்தான் திரும்பியிருக்கிறீர்கள். ஏரியல் கம்பிக் கதையைப் போகிற இடமெல்லாம் தாங்களே சொல்லிச் சிரித்தீர்களாம்.

என் பக்கம் இது. அறிவிப்பு நேரத்தில் நான் காது கொடுப்பதில்லை. அவையெல்லாம் நான் திருத்தி அச்சுக்குப் போனவை, எனக்கு மனப்பாடம். அந்த நேரத்தில் அடுத்த வாரப் பாட்டுத்தாளைத் திருத்திக்கொண்டிருப்பேன். ஓலை மட்டும் அச்சில் வருவதில்லை. வாயால் வாசிப்பதோடு சரி. ஆராதனை முடிந்து வெளியே வந்தபோது நாலு பேர் கையைப் பிடித்து 'ரொம்ப சந்தோசம் சார்' என்றார்கள். சந்தோசம் இல்லை, சந்தோஷம் என்று நாலு பேருக்கும் சொன்னேன்.

கெசியா இந்த ஒரு வாரம் பேசாமல் இருந்தது ஏன் என்று கேட்டேன். "ஓலையைக் கேட்டதுலேர்ந்து நீங்க மூஞ்சியைத் தூக்கி வெச்சிக்கிட்டு உக்காந்திருந்தீங்க. நான் போறேன்னு மனசு கஷ்டப்படுறீங்கன்னு நினைச்சேன்பா. எதுக்குக் கிளறணும்னு விட்டுட்டேன்," என்றாள். அப்படியெல்லாம் இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். அப்படித்தான் இருக்கிறது, ஐயா. இப்போதுதான் தெரிகிறது.

கடிதத்தைக் கிழித்துப் போடலாம் என்றேன். அவள் விடவில்லை, மாமா படிக்கட்டும் என்கிறாள். ஓலையில், 'காலஞ்சென்ற ரோஸியின் மகள் கெசியா' என்று ரோஸி பேரையும் சேர்த்து வாசித்தார்களாம். கோயில் முழுக்கக் கேட்டிருக்கிறது, நான் கேட்கவில்லை. நாளை எட்டு மணிக்கு இரண்டாம் ஓலை. பேனாவைக் கெசியாவிடம் கொடுத்துவிட்டுத்தான் பெஞ்சில் உட்காரப் போகிறேன்.